இடாப்பில் இரண்டாவது பெயர்

இல. 17, இடதுகரை வாய்க்கால்,
முத்தையன்கட்டு,
ஒட்டுசுட்டான்.
12.08.1979

பேரன்பும் பெருமதிப்பும் உடைய அத்தான் சிற்றம்பலம் அவர்களின் சமுகத்துக்கு,

தான்தோன்றீச்சரப் பெருமானின் கிருபையால் இங்கு நானும் வீட்டாரும் சுகம். அங்கு தாங்களும் மச்சாளும் பிள்ளைகளும் சுகமாயிருக்க அவரையே வேண்டுகிறேன். வீட்டார் என்று எழுதியது கைப்பழக்கத்தில் வந்தது. இப்போது வீட்டார் என்றால் நானும் நாயும்தான். நாயும் சுகம்.

தங்கள் தபாலட்டை சென்ற புதன்கிழமை கிடைத்தது. முப்பத்தெட்டு வருடம் அரசாங்கக் கச்சேரியில் லிகிதராக இருந்து பிரதம லிகிதராக இளைப்பாறிய கை அல்லவா, இலக்கம் போட்டே எழுதியிருந்தீர்கள். ‘1. பத்திரிகைச் செய்தி பார்த்தேன். 2. காலஞ்சென்ற என் தங்கையின் பெயர் கொழும்பு நீதிமன்றம் ஏறியதாக அறிகிறேன். 3. விளக்கம் தருக.’ தபாலட்டை ஆனபடியால் இதை எனக்கு முன்னமே தபால்கந்தோரில் இரண்டு பேரும், தபால்காரரும், அவர் வழியில் தண்ணீர் குடிக்க இறங்கிய வீட்டுக்காரரும் வாசித்துவிட்டார்கள். அட்டையை என் கையில் தரும்போதே தபால்காரர், “அண்ணை, மூண்டாவதுக்குத்தான் மறுமொழி எழுதுறது கஷ்டம்” என்றார். ஆகையால் மறுமொழியை உறையில் போட்டு ஒட்டி அனுப்புகிறேன். முழுவதும் வாசித்தபின் கோபியுங்கள், நடுவில் கோபிக்க வேண்டாம். விளக்கம் கேட்க நேரில் வரும் எண்ணம் இருந்தால் அதுவும் வேண்டாம். மாங்குளத்து பஸ் வந்தால் உண்டு, வராவிட்டால் இல்லை. போன கிழமை யானை வந்து வாய்க்கால் மதகையும் இடித்துவிட்டது. இந்த வயதில் நீங்கள் அலையக்கூடாது. எனக்கு இங்கே ஒரு குறையும் இல்லை, வேண்டிய ஆட்கள் வருகிறார்கள், போகிறார்கள்.

‘மாண்ட மனைவிக்கு மாதக்கணக்கில் அரிசி’ என்று பத்திரிகையில் போட்டிருந்தது உண்மைதான். அரிசியைக் கறுப்புச் சந்தையில் விற்றேன் என்று நீங்கள் நினைத்திருப்பீர்கள். அப்படியென்றால் எழுதுவது எனக்கும் சுகம், மன்னிப்புக் கேட்டு நாலு வரியில் முடித்துவிடுவேன். நடந்தது வேறு. நம் கூப்பன் கடை எப்படி நடந்தது என்பதிலிருந்து சொன்னால்தான் விளங்கும்.

செவ்வாய்க்கிழமை அரசாங்கத்தின் பங்கீட்டு அரிசியை, அதுதான் கூப்பன் அரிசியை, கொடுக்கும் நாள். காலை எட்டு மணிக்கு வீட்டின் முன் அறையைத் திறந்து, தராசைத் துடைத்து, பெயர்ப் பதிவு இடாப்பை விரித்து, வரிசைப்படி பெயர் கூப்பிடுவேன். பெயருக்குரியவர் கூப்பன் புத்தகத்தோடு வந்து ‘ஓம்’ என்று சொன்னால் அந்தக் கிழமைக் கூப்பனை வெட்டி எடுத்துக்கொண்டு அரிசியை அளப்பேன். இடாப்பில் முதலாவது பெயர் என்னுடையது. என்னை நானே கூப்பிடுவதில்லை. இரண்டாவது பெயர் உங்கள் தங்கையுடையது. அத்தான், முப்பத்தொரு வருடம் சீவித்ததில் நான் அவவைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ‘இஞ்சேரும்’ என்பேன், ‘இஞ்சேருங்கோ’ என்பா, பிள்ளை குட்டி இல்லாத வீட்டுக்கு அந்த இரண்டு சொல்லும் போதுமாக இருந்தது. ஆனால் செவ்வாய்க்கிழமைகளில் அரசாங்க இடாப்பைப் பார்த்து ‘இஞ்சேரும்’ என்று கூப்பிட முடியுமா? சனத்தின் முன்னால் உரத்து, என் பெயரையும் சேர்த்து, “இளையதம்பி அன்னபாக்கியம்!” என்பேன். அவ குசினிக்குள் இருந்து சேலைத் தலைப்பில் கையைத் துடைத்தபடி வந்து, ஊர்ப்பெண்களோடு பெண்ணாக நின்று, “ஓம், இஞ்சை நிக்கிறன்” என்று புத்தகத்தை நீட்டுவா. சிரிப்பை அடக்கிக்கொண்டுதான் நீட்டுவா. பதின்மூன்று வருடம் இது கிழமைக்கு ஒருமுறை நடந்தது. எனக்கு அது பெரிய காரியம் என்று அப்போது தெரியாது.

அவ போய், முப்பத்தோராம் நாள் காரியம் முடிந்து, நீங்களும் மச்சாளும் யாழ்ப்பாணம் திரும்பிய அடுத்த செவ்வாய் கடையைத் திறந்தேன். புறப்படும்போது நீங்கள், “தங்கச்சியின்ரை கூப்பன் புத்தகத்தை ஊர் விதானையாரிட்டை ஒப்படைச்சுப்போடும், தம்பி. அது சட்டம்” என்று சொன்னது நினைவிருக்கிறது. ஒப்படைக்கத்தான் இருந்தேன். அன்று இடாப்பை விரித்ததும் வாய் தன்பாட்டில் கூப்பிட்டுவிட்டது. கூப்பிட்ட பிறகுதான் காதில் விழுந்தது. நாற்பது பேர் பையோடு நின்றவர்கள் அத்தனை பேரும் குசினிப் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். கூப்பிட்ட பெயரை அப்படியே அந்தரத்தில் விட்டுவிட்டு அடுத்த பெயருக்குப் போக எனக்கு மனம் வரவில்லை, அத்தான். நானே “ஓம்” என்றேன். ‘ஓம்’ சொன்னால் கூப்பனை வெட்ட வேண்டும், வெட்டினால் அரிசி அளக்க வேண்டும். வெட்டினேன், அளந்தேன். அடுத்த செவ்வாயும் அப்படியே நடந்தது. அதன்பிறகு சனமும் குசினிப் பக்கம் பார்ப்பதை விட்டுவிட்டது. இப்படி ஒரு வருடமும் சில மாதமும் போயின.

சென்ற வருடம் ஐப்பசியில் ஒரு செவ்வாய், நீளக் களிசான் போட்ட ஒருவர் தோற்பையோடு வந்து சனத்தோடு வாங்குப் பலகையில் இருந்தார். இன்சூரன்ஸ்காரர் என்று நினைத்து, சனத்தை அனுப்பிவிட்டு வருகிறேன் என்று சொல்லி அவருக்கு ஒரு தேத்தண்ணியும் கொடுத்தேன். பிறகு வழக்கம்போலப் பெயரைக் கூப்பிட்டேன், வழக்கம்போல நானே ஓம் சொன்னேன். அவர் பக்கத்தில் இருந்த அழகம்மாவிடம், “ஆர் அன்னபாக்கியம்?” என்று கேட்டார். அழகம்மா மலைநாட்டிலிருந்து வந்து குடியேறிய பெண், சூது வாது தெரியாது, கேட்டதற்குப் பதில் சொல்வதில் அவளுக்கு ஒரு சந்தோஷம்.

“அவங்க செத்து ஒரு வருசத்துக்கு மேல ஆச்சுங்க.”

“அப்ப இப்ப ஓம் எண்டது ஆர்?”

“ஐயாதாங்க. எப்பவும் ஐயாதான் சொல்லுவாரு.”

அவர் தேத்தண்ணியைக் கடைசிச் சொட்டுவரை குடித்து, கோப்பையைக் கவனமாகக் கீழே வைத்து, பையிலிருந்து கொப்பி ஒன்றை எடுத்தார். உணவுக் கட்டுப்பாட்டுப் பரிசோதகர்! “தேத்தண்ணி நல்லாயிருந்தது” என்று சொல்லிவிட்டு இடாப்பைத் தன் பக்கம் திருப்பினார். எழுதி முடித்ததும் என்னிடம் ஒன்றும் கேட்காமல் போய்விட்டார். நான் பாதைவரை கூடவே போனேன். “ஐயா, ஒருக்கால் கேளுங்கோ” என்றேன். “பஸ் வந்திட்டுது” என்றார். அன்றைக்கென்று பஸ்ஸும் நேரத்துக்கு வந்தது.

மூன்று கிழமையில் உதவி அரசாங்க அதிபரான ஏ.ஜி.ஏ.யின் கந்தோரிலிருந்து கடிதம் வந்தது. ஒரே வசனம். ‘உமது அதிகாரமளிக்கப்பட்ட விற்பனையாளர் அனுமதிப்பத்திரம் இத்தால் இரத்துச் செய்யப்படுகிறது.’ காரணம் இல்லை, என்ன சொல்கிறீர் என்ற கேள்வியும் இல்லை. நான் கந்தோருக்குப் போனேன். முதல் முறை ஏ.ஜி.ஏ. வெளிக்களம் போயிருந்தார். இரண்டாம் முறை மகாநாட்டில் இருந்தார். மூன்றாம் முறை ஆள் இருந்தார். நான் வாயைத் திறக்க டெலிபோன் அடித்தது. அதை வைத்துவிட்டு, “எழுத்தில தாரும்” என்றார். வீட்டுக்கு வந்து பதினாலு பக்கம் எழுதிக் கொடுத்தேன். ‘தங்கள் கடிதம் கிடைக்கப்பெற்றது’ என்று பதில் வந்தது. அந்தப் பதிலை நான் நாலைந்து தரம் வாசித்தேன், பின்பக்கத்தில் ஏதும் இருக்குமோ என்று திருப்பியும் பார்த்தேன்.

கூப்பன் எல்லாம் சந்தியில் உள்ள கூட்டுறவுச் சங்கக்கடைக்கு மாறிவிட்டது. செவ்வாய்க்கிழமை என் வாசலால் சனம் நடந்து போகும். முகம் கண்டால் சிரிப்பார்கள், சிரித்துக்கொண்டே நடப்பார்கள், அவர்களுக்கும் வரிசைக்கு நேரமாகும்தானே. அரிசி இல்லாத வீட்டில் அவர்களுக்கு என்ன வேலை? நான் கோபிக்கவில்லை. ஆனால் பதினாலு வருடமாகக் கிழமைக்கு ஒருமுறை நாற்பது பேர் சத்தம்போட்ட அறைக்குள் நான் ஒருவன் இருமினால் நாய் எழும்பி வந்து என்னைப் பார்க்கிறது. அதனால்தான் வவுனியாவுக்குப் போய் லோயர் கதிர்காமநாதனைப் பிடித்தேன்.

அவரிடமும் ஆதியிலிருந்து சொல்லத் தொடங்கினேன். நாலாவது வசனத்தில் கையை உயர்த்தினார்.

“கதையை விடும். லைசென்சை வெட்டுறதுக்கு முதல் உம்மைக் கூப்பிட்டு விசாரிச்சவையோ?”

“இல்லை ஐயா. அதைத்தான் சொல்ல...”

“காரணம் காட்டச் சொல்லிக் கடிதம் வந்ததோ?”

“இல்லை.”

மனிதர் கதிரையை விட்டு எழும்பி அறைக்குள் நடந்தார். “பொயின்ற்! சட்டப் பொயின்ற்!” என்றார். “கேளாமல் வெட்டிப்போட்டினம்! ஒருத்தன்ரை பக்கத்தைக் கேளாமல் தீர்ப்புச் சொல்ல எந்த அதிகாரிக்கும் உரிமையில்லை. கொழும்பில மேன்முறையீட்டு நீதிமன்றத்தில ரிட் மனுப் போடுவம். ஆனால் ஒண்டு, நீர் வாயே திறக்கப்படாது. உம்மடை மனிசி, உம்மடை இடாப்பு, உம்மடை ஓம், ஒண்டும் வேண்டாம். நீர் கதைச்சால் நாங்கள் தோத்துப்போவம்.”

ஆக, அத்தான், என்னைக் கேட்கவில்லை என்று முறையிடுவதற்காக நான் ஆறு மாதம் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். சத்தியக் கடதாசியில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டேன். “பேசாமல் கையெழுத்தை வையும்” என்றார், வைத்தேன். கொழும்பு லோயர் என்னைப் பார்த்து ஆங்கிலத்தில் ஏதோ கேட்டார். பதில் சொல்ல எழும்பினேன். கதிர்காமநாதன் என் சேட்டுக் கையைப் பிடித்து இருத்தினார்.

வைகாசியில் வழக்குக்கு நாள் வைத்தார்கள். மாங்குளத்தில் ரயில் ஏறி, கொட்டாஞ்சேனையில் தங்கி, மறுநாள் காலை புதுக்கடைக் கோட்டில் கடைசி வாங்கில் இருந்தேன். மேலே மூன்று மின்விசிறி, கீழே இரண்டு நீதவான்கள், எல்லாம் இங்கிலீசு. எனக்கு விளங்கியது மின்விசிறி மட்டும். எங்கள் லோயர் அரை மணித்தியாலம் பேசினார். பிறகு அரசாங்க லோயர் எழும்பினார். அவர் சிங்களவரோ பறங்கியரோ தெரியாது, நல்ல மனிதர் போலத்தான் இருந்தார். கடதாசிக் கட்டைப் பார்த்து வாசித்துக்கொண்டே போனவர், நடுவில், கண்ணாடியைச் சரிசெய்து, உரத்த குரலில், “இலாயத்தம்பி அன்னா பாக்கியாம்!” என்றார்.

நான் எழும்பி, “ஓம், இஞ்சை!” என்றேன்.

இதை வேண்டுமென்று செய்தேன் என்று கதிர்காமநாதன் இன்றைக்கும் நம்புகிறார். சத்தியமாக இல்லை, அத்தான். அந்தப் பெயரைக் கேட்டால் ஓம் சொல்வது என் வேலையாகிவிட்டிருந்தது. கோட்டு முழுவதும் திரும்பிப் பார்த்தது. காவலுக்கு நின்ற பொலிஸ்காரர் என் தோளில் கையை வைத்தார். பெரிய நீதவான் பேனையை வைத்துவிட்டு ஏதோ கேட்டார். எங்கள் லோயர் லேஞ்சியால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு எழும்பி, ஏதோ சொன்னார். இரண்டு நீதவான்களும் சிரித்தார்கள், அரசாங்க லோயரும் சிரித்தார், கடைசியில் பொலிஸ்காரரும் சிரித்துவிட்டுக் கையை எடுத்தார். என்ன சொன்னார் என்று பிறகு சாப்பாட்டுக் கடையில்தான் கதிர்காமநாதன் சொன்னார். “மை லோட், தன்னைக் கேட்கவில்லை என்பதுதான் என் கட்சிக்காரரின் முறைப்பாடு. பாருங்கள், இப்போதும் கேட்கச் சொல்லித்தான் நிற்கிறார்” என்றாராம்.

வென்றோம். ‘இவருடைய பக்கத்தைக் கேளாமல் செய்த இரத்துச் செல்லாது. இவரை அழைத்து, ஆறுதலாகக் கேட்டு, அதன்பின் முடிவு செய்க.’ ஆறுதலாக என்ற சொல் தீர்ப்பில் இருந்ததோ, மொழிபெயர்க்கும்போது கதிர்காமநாதன் சேர்த்ததோ தெரியாது. நான் பிடித்துக்கொண்டது அந்தச் சொல்லைத்தான். ரயிலில் திரும்பி வரும்போது, எங்கிருந்து தொடங்குவது, எதை விடுவது என்று ஒழுங்குபடுத்திக்கொண்டே வந்தேன். ஓமந்தை வரும்போது ஒன்றையும் விட முடியாது என்று முடிவாகிவிட்டது.

தீர்ப்புப்படி நான் மறுபடியும் டீலர். ஆனால் விசாரணை முடியும்வரை அரிசி தரமாட்டோம் என்று களஞ்சியத்தில் சொல்லிவிட்டார்கள். லைசென்ஸ் உண்டு, அரிசி இல்லை. இருந்தும் ஆறு செவ்வாய்க்கிழமை கடையைத் திறந்து வைத்திருந்தேன். வீரையா மட்டும் சங்கக்கடையிலிருந்து திரும்பும் வழியில், தன் அரிசிப் பையோடு வந்து வாங்கில் கொஞ்ச நேரம் இருந்துவிட்டுப் போவான். எழுபத்தேழு கலவரத்தில் மலைநாட்டில் தோட்டத்து லய வீடுகளை எரிக்க, உடுத்த துணியோடு பெண்சாதி பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு இங்கு வந்தவன். இப்போது வாய்க்காலின் அடுத்த கரையில் குடிசை போட்டுக் கூலிக்குத் தோட்டம் செய்கிறான். அவனுக்கும் எனக்கும் கதைக்க ஒன்றும் இல்லை. இருப்பான், பிறகு, “வர்றேங்கய்யா” என்பான். அவ்வளவுதான்.

ஆடி இருபத்தாறாம் திகதி விசாரணை. பழைய ஏ.ஜி.ஏ. மாறிப்போய்ப் புதிதாக ஒருவர் வந்திருக்கிறார், முப்பது வயதும் இராது. தீர்ப்பை மேசையில் விரித்து, சிவப்புப் பேனையால் கீழ்க்கோடு போட்டு வைத்திருந்தார். பக்கத்தில் லிகிதர் கமலாசனி என்ற பிள்ளை எழுதுவதற்குக் காத்திருந்தது. நான் போனதும் அவர் எழும்பிக் கதிரை காட்டினார்.

“கோட்டு உங்களைக் கேக்கச் சொல்லியிருக்கு. சொல்லுங்கோ ஐயா, நான் கேக்கிறன்.”

இரண்டு வருடத்தில் எவரும் என்னிடம் சொல்லாத வசனம், அத்தான். தண்ணீர் குடித்துவிட்டு, நாற்பத்தாறாம் ஆண்டு உங்கள் வீட்டுப் பந்தலிலிருந்து தொடங்கினேன். மாப்பிள்ளை அழைப்புக்குப் போட்டது இரவல் சால்வை என்று கண்டுபிடித்து நீங்கள் கோபித்துக்கொண்டு பின்வளவில் நின்றதையும், அன்னபாக்கியம் தோழியை அனுப்பி உங்களைச் சாப்பிடக் கூப்பிட்டதையும் சொன்னேன்.

“இதையும் எழுதுறதோ, சேர்?” என்றது அந்தப் பிள்ளை.

“எழுதுங்கோ. கோட்டு விட்டு விட்டுக் கேக்கச் சொல்லேல்லை” என்றார் ஏ.ஜி.ஏ.

ஆகவே உங்கள் கோபமும் இப்போது அரசாங்கக் கோவைக் கட்டுக்குள் இருக்கிறது. மன்னிக்கவும்.

ஒன்பதரைக்குத் தொடங்கினது, பன்னிரண்டேகாலுக்கு அவர் மணிக்கூட்டைப் பார்த்தார். “ஐயா, இனிக் குற்றச்சாட்டுக்கு வருவமே?” என்றார், மரியாதையாகத்தான் சொன்னார். நானும் வந்தேன்.

“இறந்தவவின்ரை பேரில அரிசி எடுத்தனீங்களோ?”

புத்தகம் கைமாறிப் போயிற்று, கணக்கில் கவனப்பிசகு என்று சொல்லும்படி கதிர்காமநாதன் எனக்கு மூன்று தரம் பாடமாக்கித் தந்திருந்தார். நான், “ஓம்” என்றேன்.

“எடுத்து என்ன செய்தனீங்கள்?”

“சமைச்சனான் ஐயா. அவ போனபிறகுதான் சமைக்கப் பழகினனான். வீட்டிலை இருக்கிற பானை ரெண்டு பேருக்கு அளவு. ஒரு ஆளுக்கு வைச்சால் அடிப்பிடிக்குது.”

“அடிப்பிடிக்குது எண்டு எழுதவோ, சேர்?”

ஏ.ஜி.ஏ. பதில் சொல்லுமுன் கதவடியிலிருந்து ஒரு குரல் வந்தது. வீரையா! நான் அவனைக் கூப்பிடவே இல்லை. வெள்ளைச் சேட்டு ஒன்றை எங்கேயோ இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு, கையைக் கட்டியபடி உள்ளே வந்தான்.

“சாமி, அந்த அரிசிய ஐயா எங்களுக்குத்தாங்க குடுத்தாரு. கலவரத்துல எங்க கூப்பன் எல்லாம் எரிஞ்சு போச்சுங்க. புதுக் கூப்பன் வர எட்டு மாசமாச்சு. அதுவரைக்கும் எங்க புள்ளைங்க சாப்பிட்டது அந்த அம்மா பேருல எடுத்த அரிசிதாங்க.”

கமலாசனியின் பேனை நின்றுவிட்டது. ஏ.ஜி.ஏ. நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்ததைக் கண்டேன். என்னைத் தப்பவைக்க ஒரு வழி கிடைத்துவிட்டது என்ற வெளிச்சம் அது. “உண்மையே, ஐயா?” என்றார்.

ஓம் என்று மட்டும் சொல்லியிருந்தால் போதும். சனத்தின் முன் நான் ஒரு தர்மவான், லைசென்சும் தப்பும், உங்கள் தங்கையின் பெயருக்கும் புண்ணியம். என்னால் முடியவில்லை. ஏன் என்று அங்கே சொன்னேன், இப்போது உங்களுக்கும் சொல்கிறேன், இதைப் பத்திரிகைகூடப் போடவில்லை. எழுபத்தேழு புரட்டாதியில், அன்னபாக்கியம் போய் மூன்று மாதத்தில், வீரையா உண்மையாகவே என் கடைக்கு வந்தான். பிள்ளைகள் இரண்டு நாளாகச் சோறு தின்னவில்லை, ஒரு கொத்து அரிசி அளந்து தாருங்கள் என்று கேட்டான். புத்தகம் எங்கே என்று கேட்டேன். எரிந்துபோய்விட்டது என்றான். புத்தகம் இல்லாமல் தர முடியாது, அது சட்டம் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அதே காலையில்தான் செத்தவவின் கூப்பனை வெட்டி அளந்து குசினிக்குள் வைத்திருந்தேன். அன்று பின்னேரம் மிஞ்சின சோற்றை நாய்க்குப் போட்டேன்.

“பொய் ஐயா,” என்றேன். “எனக்காகச் சொல்லுறான். இவன் கேட்டவன், நான் குடுக்கேல்லை.”

கமலாசனி அதையும் எழுதியது. பிறகு ஏ.ஜி.ஏ. மெதுவாக, “ஐயா, நான் உங்களைக் கேட்டிட்டன்” என்றார். “இப்ப என்னை என்ன செய்யச் சொல்லுறீங்கள்?”

“சட்டத்தில உள்ளதைச் செய்யுங்கோ.”

“வாற மாதத்தோடை கூப்பனே இல்லாமல் போகுது. உணவு முத்திரை வருகுது. இதை நான் வெட்டாமல் விட்டாலும் உங்களுக்கு ஒரு மாதம்தான்.”

“தெரியும் ஐயா.”

அவர் எழுதிக் கையெழுத்து வைத்தார். இந்த முறை ஒரு வசனம் அல்ல, ஒன்றரைப் பக்கம், காரணத்தோடு. அதன்பின் உங்கள் தங்கையின் புத்தகத்தைக் கேட்டார். சேட்டுப்பையிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். கமலாசனி பற்றுச்சீட்டு எழுதுவதற்காகப் பெயரை உரத்து வாசித்தது. அந்தப் பிள்ளை பிழையில்லாமல் வாசித்தது. நான் பேசாமல் இருந்தேன்.

திரும்பும் பஸ்ஸில் வீரையா என் பக்கத்தில் இருந்தான். மூன்று தரிப்பிடம் கடந்தும் முகம் கொடுக்கவில்லை. பிறகு சொன்னான்: “கேட்டது நானு. குடுக்காதது நீங்க. அத நானே மறந்துட்டேன். நீங்க எதுக்கய்யா அத கவர்மெண்டு பேப்பர்ல எழுத வெச்சீங்க? இனிமே நாம ரெண்டு பேரும் மறக்க முடியாதே.” நான் மன்னிப்புக் கேட்கத் தொடங்கினேன். “விடுங்கய்யா, மொதல்ல இந்தச் சட்டைய மாயாண்டிகிட்ட திருப்பிக் குடுக்கணும், வேர்வை பட்டுப்போச்சு” என்று சொல்லிவிட்டு வெளியே பார்த்துக்கொண்டிருந்தான். இறங்கும்போது என் பையைத் தான் வாங்கிக்கொண்டு வீட்டுப் படலைவரை வந்தான்.

இதுதான் அத்தான், தங்கள் மூன்றாவது இலக்கத்துக்கு மறுமொழி. முடிவு சரியானது, நான் அதை முழுமனதோடு ஏற்றுக்கொண்டேன். என்னைக் கேட்டார்கள். எனக்கு மனப்பாரம் இறங்கிவிட்டது. இனிக் கோட்டுப் படி ஏறுவதில்லை என்று சத்தியம் செய்திருக்கிறேன். ஆகையால் தாங்கள் என்னைப்பற்றிக் கவலைப்பட வேண்டாம், வரவும் வேண்டாம். மச்சாளுக்கு என் வணக்கம். பிள்ளைகள் படிப்பிலும் உத்தியோகத்திலும் குறைவின்றி உயர்ந்து, தங்கள் வீட்டில் நெல்லும் நல்ல வார்த்தையும் என்றும் நிறைந்திருக்கத் தான்தோன்றீச்சரப் பெருமானை வேண்டி இந்த மட்டில் நிறுத்துகிறேன்.

இங்ஙனம்,
தங்கள் அன்புள்ள மைத்துனன்,
வே. இளையதம்பி

பி.கு.: மேலே உள்ளதை ஞாயிற்றுக்கிழமை எழுதினேன். இன்று செவ்வாய். அன்று இரவே கந்தோரிலிருந்து வந்த விசாரணைப் பதிவின் பிரதியை வாசித்துப் பார்த்தேன். கமலாசனி நன்றாகத்தான் எழுதியிருக்கிறது. ஆனால் ஏ.ஜி.ஏ. மணிக்கூட்டைப் பார்த்து, குற்றச்சாட்டுக்கு வருவம் என்று சொன்னபோது நான் அறுபத்தோராம் ஆண்டில்தான் நின்றேன். காணி கிடைத்து, சாமான் சட்டியோடு லொறியில் வந்து, இந்த வாய்க்கால் கரையில் நான் குதித்து இறங்கியது வரைக்கும்தான் எழுதியிருக்கிறது. அதற்கு அடுத்த வரி, ‘இறந்தவவின் பேரில் அரிசி எடுத்தீர்களா, ஓம்.’ நடுவில் பதினாறு வருடத்தை அவர் கேட்கவில்லை. பதிவின்படி உங்கள் தங்கை இன்னும் லொறியில்தான் நிற்கிறா. அவவை இறக்கிவிடாமல் முடிவு எழுதியது செல்லாது என்று எனக்குப் படுகிறது. நேற்றுக் கதிர்காமநாதனுக்குத் தந்தி அடித்தேன். இன்று காலை “பொயின்ற்!” என்று மறுதந்தி அடித்திருக்கிறார். வருகிற இருபத்துநாலாம் திகதி, வெள்ளிக்கிழமை, புது வழக்குக்குக் கையெழுத்து வைக்க வவுனியாவுக்கு வரச்சொல்லியிருக்கிறார். பஸ் பிசகில்லாமல் ஓடுகிறது. யானையும் மதகை இடிக்கவில்லை, சும்மா எழுதினேன். நீங்கள் வியாழனுக்குள் வந்து ஒரு கிழமை நின்றால் நான் வவுனியாவுக்குப் போகமாட்டேன்.